ஒட்டுப் போட்ட திரை

நாங்கள் கஷ்டப்படுகிறோமா இல்லையா என்று பார்க்க ஒரு மேடம் வீட்டுக்கு வருவார் என்று பெரிய கிளார்க் சொன்னார். அப்பா வேலை பார்த்த குடிநீர் வாரிய அலுவலகத்தில் அவருடைய மேசை இரண்டு மின்விசிறிகளுக்கு நடுவில் இருக்கிறது. இரண்டின் காற்றும் அவரைத் தொடுவதில்லை. அதனால் ஓர் அட்டையால் விசிறிக்கொண்டேதான் பேசுவார்.

"பயப்படாத பாப்பா. வேலையில இருக்கும்போதே ஒருத்தர் இறந்துட்டா அவர் குடும்பத்துல ஒருத்தருக்கு வேலை குடுக்கலாம்னு விதி இருக்கு. குடுத்தே ஆகணும்னு இல்ல. இந்தக் குடும்பம் தவிக்குதுன்னு விசாரணை மேடம் எழுதணும். வீட்டைப் பார்ப்பாங்க, அக்கம்பக்கத்துல ரெண்டு பேரைக் கேப்பாங்க. அவ்வளவுதான்."

'அவ்வளவுதான்' என்று யாராவது சொன்ன விஷயம் அவ்வளவோடு நின்றதாக எனக்கு நினைவில்லை.

அப்பாவுக்குத் தெருத்தெருவாகத் தண்ணீர் திறந்துவிடும் வேலை. ஏறக்குறைய ஆள் உயரத்துக்கு ஓர் இரும்புச் சாவி வைத்திருந்தார். அதைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு போய், சாலையில் இருக்கும் மூடியைத் தூக்கி, உள்ளே விட்டுத் திருகினால் அந்தத் தெருவுக்குத் தண்ணீர் வரும். எல்லோருக்கும் அவர் தண்ணிக்காரர்தான். போன வருடம் ஒரு காலையில், சாவியைத் திருகிவிட்டு நெஞ்சைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தவர் பிறகு எழுந்திருக்கவில்லை. மூட ஆள் இல்லாததால் அந்தத் தெருவில் அன்று பகல் முழுக்கத் தண்ணீர் வந்ததாம். அதைச் சொன்னவர்கள் சந்தோஷமாகச் சொல்வதா வருத்தமாகச் சொல்வதா என்று தெரியாமல் விழித்தார்கள்.

மீதி இருப்பது அம்மாவும் நானும். அம்மாவின் தம்பியான தையல்கார மாமா அடுத்த தெருவில் கடை வைத்திருக்கிறார். பகலில் நாங்கள் இருவரும் அவர் கடைக்கு வந்த துணிகளுக்குப் பட்டன் கட்டுவோம், ஓரம் அடிப்போம். மாலையில் நான் கணக்குப்பதிவு வகுப்புக்குப் போவேன். அப்பாவுக்காக வரும் ஓய்வூதியத்தையும் பட்டனையும் எப்படிக் கூட்டினாலும் வாடகைக்கும் சாப்பாட்டுக்கும் ஒருசேரப் போதவில்லை. வகுப்பில் கற்றுக்கொண்ட எல்லா முறையிலும் கூட்டிப் பார்த்துவிட்டேன். அப்பாவுக்குப் பதிலாக எனக்கு வேலை கிடைக்காவிட்டால் அடுத்த மாதம் வீட்டைக் காலி செய்துவிட்டு மாமா கடையின் பின்னறைக்குப் போவது என்று முடிவாகியிருந்தது. அப்புறம் வகுப்பும் கிடையாது. அந்த அறையைப் பற்றி யாராவது கேட்டால் அம்மா "நல்ல காத்தோட்டமான இடம்" என்பாள். அதற்கு ஜன்னலே கிடையாது.

மேடம் வரும் நாள் தெரிந்ததும் வீட்டில் இரண்டு கட்சிகள் உண்டாயின. மாமாவின் கட்சி, வாசலில் நிற்கும்போதே அந்த அம்மாவுக்குக் கண் கலங்க வேண்டும் என்றது. அம்மாவின் கட்சி அதற்குள் தரையைத் தேய்த்துக் கழுவி, மேசை விரிப்பைக் கஞ்சி போட்டு இஸ்திரி செய்து, மாடி அத்தையிடம் நல்ல டீக் கோப்பைகளையும் இரவல் வாங்கியிருந்தது.

"என்னக்கா இது, கல்யாண வீடு மாதிரி பளபளன்னு வச்சிருக்க?"

"கஷ்டப்படறவங்க அழுக்கா இருக்கணும்னு எந்தச் சட்டத்துலடா இருக்கு?"

மாமா என் பக்கம் திரும்பினார். நான் எந்தக் கட்சியிலும் சேரவில்லை. இருப்பதை இருப்பது மாதிரி காட்டினால் போதும் என்பது என் எண்ணம். அதிலும் எனக்குச் சந்தேகம் உண்டு. உதாரணத்துக்கு எங்கள் ஃப்ரிட்ஜ். அது குளிர்விப்பதை நிறுத்திப் பல காலம் ஆகிறது. கதவு மட்டும் நன்றாக மூடும் என்பதால் பட்டன் கட்டவேண்டிய சட்டைகளை மடித்து அதற்குள் வைத்திருந்தோம். மூடியிருந்தால் வசதியான வீடு, திறந்தால் வசதியில்லாத வீடு. எதை உண்மை என்பது?

"ஒரே ஒரு ஒட்டு" என்று கெஞ்சினார் மாமா. "இந்தத் திரையில ஒரே ஒரு ஒட்டு மட்டும் போட விடுக்கா. பார்த்ததும் புரிஞ்சுக்குவாங்க."

முன்னறைக்கும் சமையலறைக்கும் நடுவே தொங்கும் நீலத்திரையைத்தான் சொன்னார். அதில் கிழிசலே கிடையாது. அம்மா தடுப்பதற்குள் கத்தரிக்கோலை எடுத்து ஒரு சாண் கிழித்துவிட்டார். பிறகு வெட்டுத்துணி மூட்டையிலிருந்து ஒரு பச்சைத் துண்டை எடுத்துக்கொண்டு உட்கார்ந்தார்.

கிழித்தது என்னவோ அரசாங்கத்துக்காகத்தான். ஊசி கைக்கு வந்ததும் மாமாவுக்கு அரசாங்கம் மறந்துபோயிற்று. பச்சைத் துண்டைச் சதுரமாக வைத்தால் கண்ணை உறுத்துகிறது என்று இலை வடிவில் வெட்டினார். ஓரத்தை மடித்து நூல் தெரியாமல் தைத்தார். தள்ளி நின்று பார்த்தார். ஓர் இலை மட்டும் அந்தரத்தில் தொங்குகிறதே என்று பக்கத்தில் இன்னொன்று. இரண்டையும் சேர்க்க ஒரு தண்டு. நான் வகுப்புக்குப் போய்விட்டு வந்து பார்த்தபோது திரையின் கீழிருந்து மேல்வரை ஒரு கொடி ஏறியிருந்தது, அதில் சிவப்பாக மூன்று மொட்டுகளும்.

"மாமா, இது ஏழை வீட்டுத் திரை மாதிரியா இருக்கு?"

மாமா ஒரு மொட்டை நகத்தால் நெருடிப் பார்த்தார். "மொட்டு வச்சிருக்க வேண்டாமோ" என்றார்.

மறுநாள் மேடம் வந்தார். துணிப்பையும் குடையுமாக, ஏற்கெனவே நாலு வீட்டைப் பார்த்துவிட்டு வந்த களைப்போடு வந்தார். கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு அறையைச் சுற்றிப் பார்த்தவரின் கண் திரையில் போய் நின்றுவிட்டது. எங்கே வாங்கியது என்று கேட்டார். ஒரு வார்த்தை பேசினாலும் தன் நாக்கை அறுத்துவிடும்படி சொல்லியிருந்த மாமா, "இதெல்லாம் கடையில கிடைக்காதுங்க, கைவேலை" என்றார். கேட்காமலே திரையைத் திருப்பிப் பின்பக்கத் தையலையும் காட்டினார்.

ஃப்ரிட்ஜை நான் திறந்து காட்டினேன். மேடம் எட்டிப் பார்த்துவிட்டு, சட்டைகளை இப்படி வைத்தால் புழுக்கத்துக்கு இதமாக இருக்குமோ என்று விசாரித்தார். அது ஓடுவதில்லை என்று சொல்ல வாயெடுத்தேன். அதற்குள் அம்மா டீயோடு வந்துவிட்டாள்.

"சொல்லுங்கம்மா, வீட்டுல எப்படி, ஏதாவது கஷ்டம் இருக்கா?"

"ஒரு குறையும் இல்லீங்க. நீங்க முதல்ல டீயைக் குடிங்க."

அம்மா பொய் சொல்லவில்லை. வீட்டுக்கு வந்தவர் நலம் கேட்டால் நல்லாயிருக்கிறோம் என்று சொல்வது அவளுக்கு மூச்சு விடுவது மாதிரி. கேட்டது அரசாங்கம் என்பது அந்த நேரத்தில் அவளுக்கு உறைக்கவில்லை.

அக்கம்பக்கத்தில் கேட்கும்போது சரியாகிவிடும் என்று நினைத்தேன். எதிரே சலூன் வைத்திருக்கும் அண்ணனையும் மாடி அத்தையையும் மேடம் கூப்பிட்டார். தண்ணிக்காரர் குடும்பத்தைப் பற்றித் தன்னிடம் அரசாங்கமே கேட்கிறது என்றதும் சலூன்காரர் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டார். ராஜா மாதிரி வாழ்ந்த மனிதர் என்றார், யாரிடமும் கை நீட்டியதில்லை என்றார். அவர் அவ்வளவு சொன்னபிறகு மாடி அத்தை சும்மா இருப்பாரா? அம்மாவைத் தண்ணிக்காரர் தாங்கு தாங்கு என்று தாங்கினார், அந்த வீட்டில் பால் இல்லாத நாளே கிடையாது, கோப்பைகளைப் பாருங்கள் எவ்வளவு நேர்த்தி என்று தன் கோப்பையையே காட்டினார். மேடம் எல்லாவற்றையும் பொறுமையாக எழுதிக்கொண்டு, டீ நன்றாக இருந்தது என்று சொல்லிவிட்டுப் போனார்.

அந்த வாரமே பெரிய கிளார்க் என்னைக் கூப்பிட்டு அனுப்பினார். அட்டை விசிறியை மேசையில் வைத்துவிட்டார். அப்படி அவர் வைத்து நான் பார்த்ததில்லை.

"ஏம்மா, வசதியா இருக்காங்கன்னு எழுதியிருக்காங்களே. அலங்காரத் திரைன்னு வேற போட்டிருக்கு. யார் வீட்டுக்குக் கூட்டிட்டுப் போனீங்க அவங்களை?"

நான் நடந்ததைச் சொன்னேன். ஒட்டு வரைக்கும் முகத்தை இறுக்கமாக வைத்திருந்தார். மொட்டு வந்ததும் அடக்க முடியாமல் மேசைக்குக் கீழே எதையோ தேடுகிற மாதிரி குனிந்துகொண்டார். நிமிர்ந்தபிறகு ஒரு வழி சொன்னார். இறந்தவரின் மனைவி கேட்டால் ஒரே ஒரு தடவை மறுவிசாரணை உண்டு. அதே மேடம், அதே அக்கம்பக்கத்தார், எல்லோரும் ஒரே இடத்தில். குடும்பம் எப்படி நடக்கிறது என்று மனைவியே எல்லோர் முன்னாலும் சொல்லவேண்டும்.

"உங்கம்மா வாயால வரணும். நீ சொல்லக்கூடாது. உங்க மாமா வாயையே திறக்கக்கூடாது."

நான் வரும் வழியெல்லாம் சொல்லவேண்டிய காரணங்களை வரிசைப்படுத்திக்கொண்டு வந்தேன். சொல்லப்போவது நான் இல்லை என்பது வீட்டு வாசலில்தான் நினைவுக்கு வந்தது.

விஷயத்தைக் கேட்டதும் மாமா நேரே சலூனுக்குப் போனார். கொஞ்சம் பொறுத்து நானும் போனேன். ஒருவர் முகம் நிறைய நுரையோடு நாற்காலியில் காத்திருக்க, சலூன்காரர் கத்தியைக் கையில் வைத்துக்கொண்டு யோசித்துக்கொண்டிருந்தார். தண்ணிக்காரரைப் பற்றிக் கெட்டது ஏதாவது சொல்லும்படி மாமா கேட்டிருந்தாராம்.

"இருக்கு" என்றார் சலூன்காரர் கடைசியில். "பத்து வருஷமா கெஞ்சினேன், கடைக்குத் தண்ணி பத்தல, ஒரு அஞ்சு நிமிஷம் கூட விடுங்கன்னு. ஒரு வாளி அதிகமா விட்டிருப்பாரா? தன் வீடு இருக்கற தெருன்னும் பார்க்கல."

"இது கெட்டதாய்யா?" என்றார் மாமா.

"இது நல்லதுலதான் சேரும்" என்றது நுரைக்குள்ளிருந்து ஒரு குரல்.

யாரும் அப்பாவைப் பற்றிக் கெட்டது சொல்லவேண்டாம், இப்போது நாங்கள் எப்படி இருக்கிறோம் என்று சொன்னால் போதும் என்றேன். சலூன்காரர் கத்தியைத் துண்டில் துடைத்தார். துடைத்த கத்தியையே மறுபடி துடைத்தார்.

"அதை எப்படி பாப்பா என் வாயால சொல்றது? அந்த மனுஷன் காதுல விழுந்தா என்ன நினைப்பார்?"

எனக்கு அப்போதுதான் புரிந்தது. எங்களுக்குக் குறை இருக்கிறது என்று சொல்வது எங்கள் தெருவில் அப்பாமேல் புகார் சொல்வது மாதிரி. அவர்கள் எங்களை வசதியானவர்கள் என்று நினைத்திருக்கவே இல்லை. அவரை விட்டுக்கொடுக்கவில்லை, அவ்வளவுதான்.

அன்று சாப்பிடும்போது அம்மாவிடம் மெல்ல எடுத்தேன். அம்மா தட்டைப் பார்த்தபடியே பேசினாள்.

"உங்கப்பா நம்மைத் தவிக்க விட்டுட்டுப் போயிட்டார்னு நாலு பேர் முன்னாடி என்னைச் சொல்லச் சொல்றியா?"

அம்மா சொல்வதும் சரிதானோ என்று தோன்றியது. எனக்கு எந்தப் பக்கம் கேட்டாலும் அந்தப் பக்கம் சரிதானோ என்று தோன்றிவிடும். அம்மாவே தொடர்ந்தாள்.

"இப்ப என்ன ஆயிடுச்சு. தம்பி கடைக்குத்தானே போறோம். நல்ல காத்தோட்டமான இடம்."

"அதுக்கு ஜன்னலே இல்லம்மா" என்றேன்.

எங்கள் இருவருக்கும் முன்பே தெரிந்த விஷயம்தான். இருந்தாலும் அதுவரை யாரும் வாய்விட்டுச் சொன்னதில்லை. அம்மா தட்டை எடுத்துக்கொண்டு போய்க் கழுவ ஆரம்பித்தாள். ஒரு தட்டைக் கழுவ அவ்வளவு நேரம் ஆகாது.

மறுவிசாரணை அன்று அம்மா வழக்கம்போலத் தரையைக் கழுவினாள். திரையைக் கழற்றிவிடலாம் என்று மாமா சொன்னதற்கு ஒத்துக்கொள்ளவில்லை. போன தடவை பார்த்ததை இந்தத் தடவை மறைத்தால் அதுதான் திருட்டுத்தனம் என்றாள். மாமாவை ஸ்டூலில் உட்காரவைத்து, தைக்கும்போது அவர் செய்வது மாதிரியே உதட்டுக்கு நடுவில் நாலு குண்டூசியைக் கவ்விக்கொள்ளச் சொன்னாள். தான் சொல்லும்வரை எடுக்கக்கூடாது என்றாள். மாமா தலையை மட்டும் ஆட்டினார்.

மேடம் அதே நாற்காலியில் உட்கார்ந்தார். மாடி அத்தை சுவரோரம் நின்றார். சலூன்காரர் கடையைப் பாதியில் விட்டு வந்ததால் கழுத்தில் துண்டோடு நின்றார். முதலில் அவரைத்தான் மேடம் கேட்டார். பாவம், அவர் வீட்டில் சொல்லிப் பார்த்துவிட்டுத்தான் வந்திருந்தார். வாயைத் திறந்தார். "கஷ்டம்னு சொன்னா..." என்று இழுத்தார். கண் அப்பாவின் படத்தில் போய் முட்டியது. "ராஜா மாதிரி வச்சிருந்தாருங்க" என்று முடித்தார்.

மாமாவிடமிருந்து குண்டூசிகளுக்கு நடுவே ஒரு முனகல் வந்தது. மேடம் பேனாவைத் திறந்தார்.

"சலூன் தம்பி சொன்னது நெசம் மேடம்" என்றாள் அம்மா.

எல்லோரும் திரும்பினோம். அம்மா கதவுக்குப் பின்னாலிருந்த மூலையைப் பார்த்துக்கொண்டிருந்தாள். அப்பா தினமும் சாவியைச் சாய்த்து வைக்கும் இடம் அது. சுவரில் துருவின் கோடு ஒன்று மேலிருந்து கீழாக இருக்கிறது, எத்தனை தடவை தேய்த்தும் போகவில்லை.

"அவர் எங்களை ராஜா வீடு மாதிரிதான் வச்சிருந்தார். இவங்க சொன்னதுல ஒரு வார்த்தை பொய் இல்ல. ஆனா அவர் விட்டுட்டுப் போனது ஒரே ஒரு சாவி. அதுவும் வாரியத்துச் சாவி. மறுவாரமே ஆள் வந்து, என்கிட்ட கையெழுத்து வாங்கிட்டு எடுத்துட்டுப் போயிட்டாங்க."

சிரிப்பதா கூடாதா என்று யாருக்கும் தெரியவில்லை. அம்மா முந்தானையால் மேசையின் ஓரத்தை, அங்கே தூசே இல்லை, துடைத்துக்கொண்டே மீதியையும் சொன்னாள்.

"அடுத்த மாசம் இந்த வீட்டைக் காலி பண்றோம். வாடகை குடுக்க முடியல. இவ படிப்பும் நின்னுடும். தம்பி கடைக்குப் பின்னாடி ஓர் அறை இருக்கு. அதுக்கு ஜன்னல் கிடையாது."

முதலில் வெடித்தது மாடி அத்தைதான். "காலி பண்றீங்களா? மேலயே இருக்கேன், என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லணும்னு தோணலையா உனக்கு? இது தெரியாம நான் என் கோப்பையைக் காட்டிப் பெருமை பேசிட்டேனே" என்று அம்மாவைப் பிடித்து ஒரு பிடி பிடித்தார். பிறகு மேடம் பக்கம் திரும்பி, போன தடவை சொன்னதையெல்லாம் அடித்துவிடும்படி கேட்டுக்கொண்டார். கோப்பைகள் தன்னுடையவை என்றார். சலூன்காரருக்கும் தெம்பு வந்துவிட்டது. மனைவியே சொன்னபிறகு அவருக்கு என்ன? அந்த ஃப்ரிட்ஜுக்குள் ஒன்றுமே இருக்காது என்றார், இவர்கள் வீட்டில் அடுப்பெரிந்தே பல நாள் ஆகிறது என்றார், பாப்பாவைப் பாருங்கள் காற்றடித்தால் பறந்துவிடும் என்றார்.

"அவ்வளவு மோசமில்ல" என்று அம்மா கோபமாகக் குறுக்கிட்டாள். "ரெண்டு வேளையும் அடுப்பு எரியுது. ஃப்ரிட்ஜுல சட்டை இருக்கு."

"போதும்" என்று மேடம் கையைத் தூக்கினார். "எனக்கு வேண்டியதை அவங்க சொல்லிட்டாங்க."

எழுதி முடித்து, சலூன்காரரிடமும் அத்தையிடமும் கையெழுத்து வாங்கிக்கொண்டு எழுந்தவர் திரைக்குப் பக்கத்தில் நின்றார். மொட்டு ஒன்றை விரலால் தொட்டார். "அப்ப இது?"

"இது கிழியாத திரைங்க" என்றாள் அம்மா. "எங்க கஷ்டம் உங்களுக்குத் தெரியணும்னு என் தம்பி கிழிச்சு ஒட்டுப் போட்டான். அவனுக்கு மோசமாத் தைக்க வரல."

மேடம் சிரித்தார். துணிப்பையை நாற்காலியில் வைத்துவிட்டு, கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொள்ளும் அளவுக்குச் சிரித்தார். மாமா ஏதோ விளக்கம் சொல்ல எழுந்ததில் குண்டூசிகள் தரையெங்கும் சிதறின. ஊசிகளைப் பொறுக்கி முடிக்கும்வரை யாரும் காலை எடுத்து வைக்கக்கூடாது என்று அம்மா எல்லோரையும் நின்ற இடத்திலேயே நிறுத்திவிட்டாள். நான் தவழ்ந்து தவழ்ந்து பொறுக்கினேன்.

வேலைக்கான உத்தரவு வந்தபோது அதைப் பெரிய கிளார்க் என் கையில் தரவில்லை. அம்மாவை வரச்சொல்லி அவள் கையில்தான் தந்தார். அம்மா அதைப் படிக்காமலே என்னிடம் நீட்டிவிட்டு, அவருடைய இரண்டு மின்விசிறிகளையும் அண்ணாந்து பார்த்து, மேசையை ஒரு முழம் தள்ளிப் போட்டால் என்ன என்று கேட்டாள். அதிலிருந்து அவருக்கு அட்டை தேவைப்படவில்லை.

இப்போது நான் குடிநீர் வாரியத்தில் புகார் வாங்கும் ஜன்னலில் உட்கார்கிறேன். வீடு அதேதான், மாலை வகுப்பும் அதேதான். மாமா திரையின் மறுபாதியிலும் ஒரு கொடி போட அனுமதி கேட்டுக்கொண்டிருக்கிறார். எனக்குப் பின்னால் உள்ள மூலையில் சாவிகளைச் சாய்த்து வைத்திருப்பார்கள். எது அப்பாவுடையது என்று முதல் நாள் தேடிப் பார்த்தேன். எல்லாம் ஒரே மாதிரிதான் இருந்தன. அதனால் எல்லாவற்றுக்கும் கும்பலாக ஒரு வணக்கம் போட்டுவிட்டு உட்கார்ந்தேன்.

இந்த வேலை எனக்கு வருமா என்ற சந்தேகம் இன்னும் தீரவில்லை. எழுதிக்கொண்ட புகாரை இரண்டு தடவை படித்துப் பார்க்கிறேன். நேற்று வரிசையில் சலூன்காரர் நின்றிருந்தார். தன் முறை வந்ததும் ஜன்னலுக்குள் தலையை விட்டுக் குரலைத் தாழ்த்தினார்.

"பாப்பா, இப்பதான் நம்ம ஆளா நீ உள்ள இருக்கியே. நம்ம தெருவுக்கு ஒரு அஞ்சு நிமிஷம் கூட விடச் சொல்லக்கூடாதா?"

எங்களுக்காகக் கடையை விட்டுவிட்டு வந்து நின்ற மனிதர். எனக்குத் தெரிந்த எல்லாப் பதில்களையும் வரிசையாக யோசித்தேன். கடைசியில் வாயில் வந்தது ஒன்றுதான்.

"எல்லாத் தெருவுக்கும் உள்ளதுதான் அண்ணா நமக்கும். புகாரா வேணும்னா எழுதிக்கறேன்."

கோபித்துக்கொள்வார் என்று பேனாவைப் பிடித்தபடி காத்திருந்தேன். அவர் தலையை வெளியே எடுத்து, வரிசையில் நின்றவர்கள் அத்தனை பேருக்கும் கேட்கும்படி சொன்னார்:

"பார்த்துக்கிட்டீங்களா? தண்ணிக்காரர் பொண்ணு. ஒரு வாளி அதிகமா வாங்கிட முடியாது."

சொல்லிவிட்டு, ஏதோ தன் வீட்டுப் பெண்ணுக்கே வேலை கிடைத்தது மாதிரி நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு போனார். நான் அடுத்தவரைக் கூப்பிட்டேன்.